சுற்றி நின்ற முகங்கள்

அரியலூர் பக்கம் எங்கள் ஊரில் காதுகுத்து, சடங்கு எதுவானாலும் இளையபெருமாள்தான் ஃபிளெக்ஸ் அடிப்பான். நடுவில் பிள்ளை, சுற்றிலும் தெருப் பையன்கள் அத்தனை பேரின் முகம், பெயர், அப்பன் பெயர். ஒரு முகம் விட்டுப்போனால் பந்தியிலிருந்து எழுந்து போகிற ஊர் இது.

பிளஸ் டூ படித்த பிரவீணாவைச் சுண்ணாம்புக்கல் லாரி சைக்கிளோடு நசுக்கியது. அந்தச் சாலைக்கு இது புதிதில்லை. இந்த முறை பையன்கள் இன்ஸ்டாகிராமில் கொதித்தார்கள். ரத்தம் படிந்த அவள் புத்தகப்பை எல்லோருடைய போனிலும் ஓடியது. மறியலுக்கு அழைக்கும் போஸ்டரை இளையபெருமாளிடம் கேட்டார்கள். ஆத்திரத்திலும் கை பழகியதைத்தான் செய்தது. நடுவில் பிரவீணாவை வைத்து, சுற்றிலும் பையன்களை அடுக்கினான்.

அவன் தம்பி ராஜதுரை காவலர் தேர்வில் தேறி உத்தரவுக்குக் காத்திருந்தான்.

"அண்ணே, என் படத்த மட்டும் போடாத. போலீஸ் வெரிஃபிகேஷன் இருக்கு" என்று கெஞ்சினான்.

அம்மா மலர்கொடி குறுக்கே விழுந்தாள். "செத்தது நம்ம தெருப் புள்ள. ஊரான் புள்ளைய எல்லாம் போட்டுட்டு கூடப்பொறந்தவன உட்டுட்டா, நாளைக்கு நான் வெளிய தலகாட்ட முடியுமாடா?"

இளையபெருமாள் போட்டான்.

மறியலுக்குச் சுற்றுவட்டாரமே திரண்டது. லாரிகள் வரிசையாக நின்றன. எவனோ ஒன்றுக்குத் தீ வைத்தான். புகையில் அவன் முகம் தெரியவில்லை. போஸ்டரில் எல்லா முகமும் பளிச்சென்று இருந்தது, அப்பன் பெயரோடு. போலீஸுக்கு இதைவிட என்ன சௌகரியம் வேண்டும்?

ராஜதுரை அன்று மைதானத்தில் ஓடிப் பழகிக்கொண்டிருந்தான். அதை யார் கேட்டார்கள்? "ஸ்டேஷனுக்குத்தான வர ஆசப்பட்ட? உள்ள வா" என்று சிரித்தார் அதிகாரி.

ஜாமீனில் வந்தபோது வேலை கைவிட்டுப் போயிருந்தது. வாட்ஸப் குரூப்பில் வீரம் பேசியவர்கள் சத்தமில்லாமல் வெளியேறியிருந்தார்கள். லாரிகள் பழையபடி பறந்தன. வழக்கு உள்ளவனை எவனும் சேர்க்கவில்லை, லாரி முதலாளி ஒருவரைத் தவிர. ராஜதுரை இப்போது அதே சாலையில் சுண்ணாம்புக்கல் ஏற்றிப் போகிறான்.

பிரவீணாவின் முதலாண்டு நினைவு நாளுக்கு அவள் அம்மா வெற்றிச்செல்வி ஃபிளெக்ஸ் கடைக்கு வந்தாள். இளையபெருமாள் பழைய போஸ்டரைத் திரையில் திறந்தான்.

"எம்பொண்ணு மட்டும் போதும் தம்பி. சுத்தி நிக்கிற எவனும் வேணாம். அதுல ஒருத்தன் இன்னிக்கு லாரி ஓட்டுறான்."

அது யார் என்று தெரிந்தேதான் சொன்னாள். இளையபெருமாள் ஒவ்வொரு முகமாக அழித்தான், தம்பியில் தொடங்கி.