கையால் குதித்தவன்

பாலே ஆடுகிறவனுக்கு முழங்கால்தான் முதலாளி. அது முகம் சுளித்தால் நமக்குச் சோறு இல்லை. லாரி ஓட்டுகிறவர்களே, ஃபேக்டரியில் நின்றே வேலை பார்க்கிறவர்களே, கால் வலியை வெளியே சொல்லாமல் வேலைக்குப் போகிற நீங்கள் எல்லாரும் என் கட்சிதான்.

ஜொகூர் பாருவில், கடைவரிசை மாடியில் இயங்கும் சின்ன நவீன பாலே குழு எங்களுடையது. நடனம் அமைப்பவர் பிரேமா அக்கா. போன வருடம் என்னை நடுவில் வைத்து ஒரு புது ஆட்டம் அமைக்கத் தொடங்கினார். அதற்காகத்தான் நான் இத்தனை காலம் காத்திருந்தேன். அந்த வாரம் பார்த்துதான் முழங்கால் வீங்கியது.

டாக்டர் கேட்டது

கிளினிக் டாக்டர், சில மாதங்களுக்குக் குதிக்கவே கூடாது என்றார். குதிப்பதுதான் என் வேலை என்றேன். அவர் ஸ்கேன் படத்தையும் என்னையும் மாறி மாறிப் பார்த்தார்.

“அலமாக்! உக்காந்து செய்ற வேலை ஒண்ணுமே தெரியாதா உங்களுக்கு?”

ஒத்திகை

அக்காவிடம் சொன்னால் என் இடம் சுரேனுக்குப் போய்விடும். எனக்கு முடியாமல் போனால் ஆடுவதற்காக என் பாகத்தைக் கற்றுக்கொண்டிருந்தவன் அவன். தங்கமான பிள்ளை, குதித்தால் கூரையில் இடிப்பான். நான் வாயைத் திறக்கவில்லை.

எங்கள் தொழிலில் ஒரு வழக்கம் உண்டு. உடம்பு களைத்திருந்தால் ஒத்திகையில் முழுசாக ஆடாமல் கையாலேயே காட்டுவோம். குதிக்கிற இடத்தில் உள்ளங்கை குதிக்கும், சுழல்கிற இடத்தில் விரல் சுழலும். நான் எல்லாக் குதிப்பையும் கையாலேயே ஓட்டினேன். ஒருநாள் அக்கா பாட்டை நிறுத்தினார். மாட்டிக்கொண்டோம் என்றே நினைத்தேன். கிட்டே வந்து என் மணிக்கட்டைப் பிடித்தார்.

“தினேஷ், இந்தக் கைய அப்படியே வச்சுக்கோ. மேடையிலயும் குதிக்க வேணாம்.”

பொந்தியானிலிருந்து அம்மா

முதல் ஆட்டத்துக்கு அம்மா பக்கத்து வீட்டுக்காரர்களையும் கூட்டிக்கொண்டு வந்திருந்தார். நடுவில் ஒரு கைதட்டல்கூட இல்லை. எனக்கு வியர்த்து ஊற்றியது. முடிந்ததும் எல்லாரும் எழுந்து நின்று தட்டினார்கள். அப்போதும் எனக்குப் பயம் தெளியவில்லை. வெளியே வந்ததும் அம்மா என்னை ஓரமாக இழுத்துப் போனார்.

“ஏண்டா, இத்தனை வருசம் காலத் தூக்கப் படிச்சிட்டு இப்ப கைய மட்டும் ஆட்டுறியே, சம்பளத்துல பிடிச்சிற மாட்டாங்களா?”

அக்காவின் அறிவிப்பு

சிங்கப்பூரிலிருந்து அழைப்பு வந்தது. அந்தக் கை ஆட்டம்தான் வேண்டுமாம். அடுத்த ஆட்டமும் எனக்காகவே என்று அக்கா எல்லார் முன்னாலும் சொன்னார்.

“குதிக்கிறதுக்கு ஆள் நெறைய இருக்கு. கையாலயே குதிக்கிறவன் இவன் ஒருத்தன்தான் லா.”

காலி ஹால்

போன வாரம் காலையில், யாரும் வராத நேரத்தில், மெதுவாகக் குதித்துப் பார்த்தேன். வலிக்கவில்லை. பிறகு உயரமாகக் குதித்தேன். அப்போதும் வலி இல்லை. சந்தோஷத்தில் கண்ணீரே வந்துவிட்டது. திரும்பினால் வாசலில் ரொட்டி சானாய் பொட்டலத்தோடு சுரேன்.

“அண்ணே, இவ்ளோ உயரம் குதிப்பீங்களா! அக்கா பாத்தா உங்களையும் எங்களோட சேத்துக் குதிக்க விட்டுருவாங்க. போய்ச் சொல்லட்டா?”

முழங்கால் வலிப்பது தெரிந்தால் இடம் போய்விடுமே என்று ஒரு வருடம் நேராக நடந்து காட்டியவன், இப்போது வலிக்காதது தெரிந்தால் போய்விடுமே என்று ஒத்திகைக்கு நொண்டிக்கொண்டே போகிறேன்.