யார் வீட்டுக் கேசட்டோ

மருந்தில் நனைத்த பஞ்சால் வீடியோ நாடாவின் வெள்ளைப் பூஞ்சையைத் துடைத்துக்கொண்டிருக்கிறாள் குமுதா. மூச்சுக்கூட அதன்மேல் படாதபடி முகத்தைத் திருப்பியிருக்கிறாள். பழைய சாமான் பசாரில் கிடைத்தது. ஜார்ஜ் டவுன் தீவு நகரத்து மாடி அறை முழுக்க இப்படி யார் யாரோ வீட்டுக் கேசட்டுகள்: காதுகுத்து, பள்ளி ஓட்டப்பந்தயம், சவ ஊர்வலம்.

வயிற்றுப்பாட்டுக்குக் கல்யாண வீடியோக்களை வெட்டி ஒட்டித் தருகிறாள். மற்ற நேரமெல்லாம் இவற்றிலிருந்து துண்டு துண்டாக எடுத்துத் தன் படங்களைச் செய்கிறாள். கேமராவைத் தொடுவதே இல்லை. கீழ்வீட்டு ஆசியா பீவி, "யாரு ஊட்டு விசேசம் இது?" என்று எட்டிப் பார்த்தால், "தெரியலக்கா. நம்ம நாட்டு ஆளுங்கதான் லா" என்பாள்.

போன வருடம் செய்த படம், நாடு யாருடையது என்று கேட்கிற படம். சுதந்திர தின ஊர்வலங்களாகத் தேடி ஒட்டியது. அதில் ஒரு ரப்பர் தோட்டத்துப் பெண் சின்னக் கொடியை ஆட்டியபடி கேமராவைப் பார்த்துச் சிரிப்பாள். படத்தின் உயிரே அவள்தான் என்று குமுதா நினைத்திருந்தாள்.

முதல் திரையிடல் முடிந்து எல்லோரும் எழுந்த பிறகும் ஒரு பெரியவர் உட்கார்ந்தே இருந்தார். நிபோங் திபாலிலிருந்து மகளோடு வந்த சின்னையா.

"கொடி ஆட்டுச்சே, அது என் வீட்டுக்காரி மா. இங்கயே பொறந்தவ. சாகுற வரைக்கும் செவப்பு ஐசிதான், குடிமக இல்லாதவங்களுக்குக் குடுக்கிற அட்டை. குடியுரிமை கேட்டு நடையா நடந்தா. குடுக்கல."

"தெரியாமப் போச்சு அங்கிள்..."

"ஒன்னச் சொல்லல. ஆனா அந்தக் கொடியப் புடிச்சிக்கிட்டு அவ சிரிக்கிறத நாலு பேரு பாக்க வேணாம் மா. எடுத்துரு."

"சரி அங்கிள்."

வீட்டுக்கு வந்து கணினியில் அந்தக் காட்சியைத் திறந்தாள். அழிக்க விரல் போகவில்லை. உயிரோடிருந்தவரை நாடு அவளைச் சேர்த்துக்கொள்ளவில்லை. இப்போது படத்திலிருந்தும் தன் கையாலேயே வெளியேற்றுவதா? கொடுத்த வாக்கு இன்னொரு பக்கம் அறுத்தது. நாள் கணக்கில் திறந்து திறந்து மூடினாள். கடைசியில் காட்சியை அப்படியே விட்டுவிட்டாள்.

அதன்பின் படத்தை யாருக்கும் அனுப்புவதில்லை. வெளிநாட்டு விழா ஒன்று கேட்டும் மறுத்துவிட்டாள். திரையிட வேண்டுமென்றால் தானே போய்ப் புரொஜெக்டர் பக்கத்தில் நிற்கிறாள். அந்தப் பெண் சிரிக்கும் ஊர்வலத்தின் மேளச்சத்தம் நெருங்கியதும் லென்ஸை உள்ளங்கையால் மூடுகிறாள். திரை இருண்டுவிடுகிறது.

"என்னா, மெசினு ரோசாக் ஆயிருச்சா?" என்று இருட்டில் யாராவது கேட்பார்கள். கொடியின் சிவப்பும் மஞ்சளும் நீலமும் கலங்கலாகக் குமுதாவின் உள்ளங்கையில் அசைகின்றன. விரலிடுக்கில் ஒளி கசியாதபடி மற்றக் கையையும் சேர்த்து வைக்கிறாள்.