வைக்கோல் போருக்குள்ளிருந்து சொன்ன சாட்சி

எழுபதுகளின் தொடக்கத்தில், மன்னார்குடிக்குக் கிழக்கே ஒரு கிராமத்தில் நடந்தது இது. பிள்ளைகளே, நீங்கள் அப்போது பிறக்கவில்லை. உழுகிற குத்தகைக்காரர் பெயரைச் சர்க்கார் பதிவேட்டில் ஏற்றலாம் என்று சட்டம் வந்திருந்த சமயம். நமக்குக் குத்தகைக்கு நிலம் விட்டிருந்த மிராசுதாரோ, "வர்ற சித்திரையோட வயலை விட்டுடு" என்று சொல்லிவிட்டார். எனக்குச் சோறு இறங்கவில்லை.

அதோடு இன்னொரு கவலையும் சேர்ந்தது. வெள்ளைச் சட்டை போட்ட ஒருவர் சைக்கிளில் வருவார். உங்கள் அம்மா வாய்க்கால் மதகடியில் நின்று அவரிடம் பேசுவாள். "எங்கே போயிட்டு வர்றே?" என்றால், "கீரை பறிக்க" என்பாள். கையில் ஒரு தண்டுகூட இருக்காது. நானும் எண்ணெய் வைத்து வகிடெடுத்துச் சீவிப் பார்த்தேன். அவள் கவனிக்கவே இல்லை.

மாசியில் ஒருநாள், "நாளைக்குக் காலையில களத்துக்கு வந்துடுங்க" என்று அவரிடம் அவள் சொன்னது காதில் விழுந்தது. விடிந்ததும் களத்து வைக்கோல் போரைக் குடைந்து உள்ளே உட்கார்ந்துகொண்டேன்.

சைக்கிள்காரர் வந்தார். கூடவே மிராசுதாரின் காரியஸ்தரும் பக்கத்து வயல்காரர்களும். வந்தவர் தாலுகா ஆபீஸ் அதிகாரி என்பது அப்போதுதான் விளங்கியது. பதிவுக்கு மனு கொடுத்தது உங்கள் அம்மா!

"குத்தகைக்காரர் எங்கேம்மா?"

"இப்பதான் இருந்தாருங்க. ஆளையே காணோம்" என்றாள், அழாக்குறையாக.

காரியஸ்தர் சிரித்தார். "இருந்தாத்தானே வர்றதுக்கு? இது மிராசுதாரோட சொந்தப் பண்ணைச் சாகுபடிங்க. நான்தான் பார்த்துக்கிறேன்."

"அப்படியா? மழைக்கு இந்த வயல்ல தண்ணி எங்க தேங்கும்?" என்று அதிகாரி அவரைக் கேட்டார்.

காரியஸ்தர் வரப்பைப் பார்த்தார், வானத்தைப் பார்த்தார். எனக்குப் பொறுக்கவில்லை.

"ஈசானி மூலையிலங்க! உளுந்துகூட அங்க முளைக்கலை பாருங்க!" என்று உள்ளிருந்தே கத்திவிட்டேன்.

அதிகாரி துள்ளி விழுந்தார். தலையெல்லாம் வைக்கோலோடு நான் வெளியே வர, "அதுக்குள்ள என்ன பண்றீங்க?" என்று உங்கள் அம்மா வாயைப் பிளந்தாள். அதிகாரி அந்த மூலைக்கே நடந்து போய்ப் பார்த்தார். பிறகு கேட்டதற்கெல்லாம் டக் டக்கென்று சொன்னேன். "இவர்தாங்க உழுவுறாரு" என்று பக்கத்து வயல்காரர்களும் சொன்னார்கள். பங்குனியில் என் பெயர் பதிவேட்டில் ஏறியது. தெருவே நம் வாசலில் கூடிவிட்டது.

"எங்கிட்ட முன்னாடியே சொல்லியிருக்கலாம்ல?" என்றேன்.

"சொன்னா டீக்கடையில போயி ஒப்பிப்பீங்க. விசாரணைக்கு முன்னாடியே மிராசுதார் காதுக்குப் போயிடும். ஆமா, நீங்க என்னன்னு நெனச்சு ஒளிஞ்சீங்க?"

உண்மையைச் சொன்னேன். முதலில் முறைத்தாள். பிறகு அடக்க முடியாமல் சிரித்தாள்.

சந்தேகத்தோடு நான் அவள் பின்னால் அலைந்த நாளெல்லாம், நான் வாய் திறந்து கேட்கப் பயந்த உரிமையை அவள் எனக்காகக் கேட்டுக்கொண்டிருந்தாள் என்பதை நினைத்தால், இன்றைக்கும் எனக்கு வெட்கத்தைவிடப் பெருமைதான் அதிகமாக வருகிறது.