மூவாயிரத்துக்கு முப்பத்தெட்டுப் பேர் குறைவு

‘ஒருவர் ஆறு மாதத்துக்கு மேல் எங்கே வசிக்கிறாரோ, அங்கேயே எண்ணப்பட வேண்டும்.’ எங்கள் குடித்தொகைக் கிளையின் கைந்நூல், பிரிவு நான்கு. அழகான விதி. யுத்த காலம் முழுவதும் கண்ணாடி அலுமாரிக்குள் பத்திரமாக இருந்தது.

யுத்தத்தால் குடிசன மதிப்பு தள்ளிப்போயிற்று. எண்ணாவிட்டால் என்ன, சூத்திரம் இருக்கிறதே. பழைய தொகையை எடுத்து, வளர்ச்சி வீதத்தையும் காலத்தையும் அடுக்கில் போட்டுப் பெருக்கினால் இன்றைய தொகை வந்துவிடும். இரண்டு பிரிவுகளின் வளர்ச்சியை ஒரே வரைபில் கீறி ஒப்பிடுவது என் வேலை. கொழும்பு வெள்ளவத்தையில் ஒரு பிரிவு, வீதம் நூற்றுக்கு இரண்டு. வடக்கில் ஒரு பிரிவு, வீதம் மூன்று. என் வரைபில் வடக்கு வளைவு வெள்ளவத்தையை முந்திக்கொண்டு ஏறியது. ஷெல்லடியில் அந்த ஊர் காலியாகி, அதன் சனத்தில் பாதி நான் குடியிருந்த வெள்ளவத்தை ஒழுங்கையில் அறைக்கு எட்டுப் பேராகப் படுத்திருந்ததை வளைவு பொருட்படுத்தவில்லை.

ஒருநாள் அந்த வெள்ளவத்தைப் பிரிவின் மிட்வைஃப் செல்வராணி, பிள்ளை நிறுக்கும் தராசோடு என் மேசைக்கு வந்தார். மூவாயிரம் பேருக்கு ஒரு மிட்வைஃப். தாண்டினால் இரண்டாவது ஆள். அத்தாட்சி தரவேண்டியது நாங்கள்.

“சேர், பிறந்து பத்து நாளுக்குள்ள நான் பிள்ளையைப் போய்ப் பாக்கோணும். போன மாசம் ஒரு வீட்டுக்கு இருபத்தோராம் நாள்தான் போனனான். மஞ்சள் காமாலை முத்திப்போச்சு. பிள்ளை இன்னும் ஆஸ்பத்திரியில கிடக்குது. தனிய என்னால ஏலாது.”

“உங்கட கொப்பியில எத்தினை பேர், மிஸ்?”

“ஆறாயிரத்துக்கு மேல. வீடு வீடா ஏறி எழுதினனான்.”

சூத்திரம் சொன்னது 2,962. முப்பத்தெட்டுப் பேர் குறைவு.

பிரிவு நான்கை மேற்கோள் காட்டி, நேரில் எண்ணவேண்டும் என்று ஒரு கடிதம் எழுதினேன். கிளைத் தலைவர் மகாலிங்கம் அதை இரண்டு தரம் வாசித்தார்.

“ஐசே, அந்தச் சனம் வடக்கில எல்லோ வளந்துகொண்டிருக்கு. இஞ்சையும் எண்ணினா ரெண்டு தரம் வருமே?”

“அங்க இப்ப ஆடுமாடுதான் சேர் மிச்சம்.”

“அது உமக்குத் தெரியும், எனக்குத் தெரியும். வீதத்துக்குத் தெரியாதே.”

“பொலிஸில கேப்பம் சேர். எந்தத் தமிழ் வீட்டில ஆர் தங்கியிருக்கினம் எண்டு அவையளிட்ட லிஸ்ட் இருக்கு.”

“கேக்கப் போனா உம்மையும் அதில சேத்துப்போடுவாங்கள்.”

“நான் ஏற்கனவே அதில இருக்கிறன் சேர்.”

கடிதம் தலைமையகத்துக்குப் போனது. பதில் இல்லை.

நான் சுற்றறிக்கைகளைத் திரும்ப வாசித்தேன். வேறு பொழுதுபோக்கு எனக்கு இருந்ததில்லை. தொகை மதிப்பிடுவது பற்றிய சுற்றறிக்கை கேட்டது அடுக்குக்குறிச் சார்பு. அதில் வளர்ச்சி கணத்துக்குக் கணம் நடக்கும். மகாலிங்கமோ வங்கி வட்டி அட்டவணையைப் பார்த்து, வருடத்துக்கு ஒருமுறை கூட்டிக்கொண்டிருந்தார். அவர் கணக்கில் வெள்ளவத்தைப் பிள்ளைகள் எல்லாம் டிசம்பர் முப்பத்தோராம் திகதி வரை பொறுத்திருந்து பிறந்தன. போதாததற்கு, பழைய மதிப்பிலிருந்து பத்து வருடம் ஏழு மாதம் ஆகியிருக்க, ஏழு மாதத்தையும் வெட்டியிருந்தார்.

அதே பழைய தொகை 2,430, அதே வீதம். சுற்றறிக்கைப்படி மாதங்களையும் சேர்த்துச் செய்தேன். 3,002 தசம் எட்டு வந்தது. தசம் எட்டு ஆளை விட்டுக்கொடுத்தேன்.

மகாலிங்கம் மூன்று தரம் கல்குலேட்டரைத் தட்டிப் பார்த்துவிட்டுக் கையெழுத்து வைத்தார். மூன்று கிழமையில் இரண்டாவது மிட்வைஃப் வந்துவிட்டார்.

“பாத்தீரே ஐசே, சூத்திரம் பொய் சொல்லாது.”

“ஓம் சேர்.”

செல்வராணி மட்டும் கேட்டார்: “என்ர ஆறாயிரம் பேரைப் பற்றி என்ன சொன்னவை, சேர்?”

“மூவாயிரத்துக்கு மேல ரெண்டு பேரை ஏற்றுக்கொண்டினம், மிஸ்.”

அரச கந்தோர்களுக்குப் புதிதாக வேலைக்குப் போகிறவர்களுக்கு நான் கற்றதைச் சொல்லிவைக்கிறேன். பிழையான எண்ணைச் சரியான எண்ணால் வெல்ல முடியாது. அதே சூத்திரத்தில் பிறந்த இன்னொரு பிழையான எண்ணால்தான் வெல்லலாம்.

அந்த மஞ்சள் பிள்ளை பிழைத்து வீட்டுக்கு வந்தது. தலைமையகத்துக்குப் போன என் கடிதத்துக்கும் பதில் வந்தது: ‘நேரில் எண்ணுவது பற்றிய தங்கள் ஆலோசனை கவனத்தில் எடுக்கப்படும்.’ அது வந்தது, அந்தப் பிள்ளை வெள்ளைச் சீருடை போட்டு இரண்டாம் வகுப்புக்குப் போய்க்கொண்டிருந்த வருடம், ஒக்டோபர் பதினேழாம் திகதி.