அண்ணாவுக்கு வந்த கலை

என் அண்ணாவைச் சாமியாக்கியவர் பெரியம்மா. வெள்ளவத்தையில் எங்கள் ஃப்ளாட்டுக்கு மேல்மாடியில் இருந்தார். அண்ணாவுக்கு ஓட்டிசம் என்று டொக்டர் சொன்ன அன்றே, "உது வருத்தமுமில்லை நோயுமில்லை, அவன் முருகன்ரை பிள்ளை" என்று அம்மாவுக்குத் தீர்ப்புச் சொல்லிவிட்டார்.

அம்மாவுக்கு ஒரே வேண்டுதல்தான். அண்ணா ஒருமுறையாவது தன்னை அம்மா என்று கூப்பிட வேண்டும். அதற்காக வெள்ளிதோறும் கோயிலுக்குப் போனோம். அண்ணாவின் வாயில் வருவதோ கடற்கரை ரயில் நிற்கும் ஸ்டேசன்களின் பெயர்கள் மட்டும்.

அன்றும் ஒரு வெள்ளி, மாலைப் பூசை. வெளியே மழை. கர்ப்பூரப் புகையில் விளக்குகள் தண்ணீருக்குள் எரிவதுபோலத் தெரிந்தன. பெரியம்மா அண்ணாவின் கைகளைச் சேர்த்துப் பிடித்துக் கும்பிட வைத்திருந்தார். திரை விலகியதும் மணியும் தவிலும் ஒன்றாக எழும்பின. அண்ணா கண்ணை இறுக மூடி, நடுங்கி, முன்னும் பின்னும் ஆடத் தொடங்கினான்.

"பிள்ளைக்குக் கலை வந்திட்டுது, முருகன் இறங்கிட்டான்" என்றார் பெரியம்மா. யாரோ அவன் காலில் விழுந்தார்கள். எனக்குப் பெருமை தாங்கவில்லை. சாமியின் தங்கை என்றால் சும்மாவா?

பெரியம்மா சமயம் பார்த்து, "அப்பனே, என்ரை மகளுக்கு மாப்பிள்ளை எந்தப் பக்கத்திலை?" என்று கேட்டார்.

"தெஹிவளை" என்றான் அண்ணா. "கல்கிசை. இரத்மலானை."

பிறகு பெரியம்மா தெஹிவளைத் தரகர் ஒருவரையும் விட்டுவைக்கவில்லை.

அம்மா மட்டும் கும்பிடவில்லை. அண்ணாவின் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றவர், "விடுங்கோ அக்கா, அவனுக்குச் சத்தம் தாங்கேலாமக் கிடக்கு" என்று அவனை வெளியே கூட்டிப்போனார். சாமியைப் பாதியில் இழுத்துப்போவது எனக்குக் கொஞ்சமும் பிடிக்கவில்லை.

கோயிலுக்குப் பக்கத்துச் சின்ன ஒழுங்கையால் நடந்து கடற்கரைக்கு வந்தோம். தண்டவாளத்துக்கு அப்பால் கடலும் மழையும் ஒரே நிறமாகக் கிடந்தன. ரயில் வந்தது. தானாக யாரையும் தொடாத அண்ணா, அம்மாவின் இரண்டு கைகளையும் எடுத்துத் தன் காதுகளில் வைத்துக்கொண்டான். வெளிச்சமான யன்னல்கள் ஒவ்வொன்றாகப் போயின. அவன் நடுக்கம் நின்றது. சிரித்தான்.

ரயில் போன பிறகும் அம்மா கையை எடுக்கவில்லை. "முருகா, முருகா" என்று அழுதார்.

அதன்பின் வெள்ளிக்கிழமைகளில் ரயில் பார்க்கத்தான் போனோம். அம்மா என்று சொல்லும்படி அண்ணாவை யாரும் கேட்கவும் இல்லை. அவன் சாமி இல்லை என்று தெரிந்த கவலையில்தான் அம்மா அன்று அழுதார், வேண்டுதலையும் விட்டுவிட்டார் என்று வெகுகாலம் நினைத்திருந்தேன். அந்த வேண்டுதல் அன்று தண்டவாளத்தடியிலேயே பலித்துவிட்டது என்று எனக்கு யாரும் சொல்லவில்லை.