கீழ்த்தோட்டத்து வயலின்

என் வாசிப்பைப் பற்றிப் பேசுகிறவர்கள் எல்லோரும் ஒரே இடத்தைத்தான் சொல்வார்கள். ராகத்தை மெல்ல ஏற்றிக்கொண்டு போய், மேல் ஸட்ஜத்தைத் தொட்டு, வில்லை நீளமாக இழுத்து அங்கேயே நிற்பேன். சபையில் விசிறிக்கொண்டிருந்த கைகூட நின்றுவிடும். போடியில் ஒரு கோயில் திருவிழாவில் பாவாடை சட்டையோடு மேடை ஏறியதிலிருந்து சென்னை, சிங்கப்பூர், லண்டன் என்று நாற்பது வருடமாக அந்த ஒரு ஸ்வரம்தான் எனக்குச் சோறு போட்டது. தலைக்கனம் பிடித்தவள் என்று முதுகுக்குப் பின்னால் சொல்வார்கள். உண்மைதான், எனக்கு அது கொஞ்சம் ஜாஸ்தி.

போன வருடம் இடது கை மோதிர விரல் மரத்துப்போக ஆரம்பித்தது. அந்த விரலால்தான் மேல் ஸட்ஜத்தைப் பிடிப்பேன். டாக்டர் ஆறு மாதம் வயலினைத் தொடக்கூடாது என்றார். தொடவில்லை. மரப்பு விட்டது. டிசம்பர் கச்சேரிக்கு ஒரு சபையிலிருந்து அழைப்பு வந்தது. ஒரு வாரத்தில் பதில் சொல்கிறேன் என்று செயலாளரிடம் சொல்லிவிட்டு, மலைமேல் இருக்கும் தம்பியின் ஏலக்காய்த் தோட்டத்துக்குப் போனேன். கை பழையபடி வந்துவிட்டதா என்று யாரும் இல்லாத இடத்தில் பார்க்க வேண்டும். வந்திருந்தால் மேடை, வராவிட்டால் இத்தோடு சரி.

ஆடி மாதம். மஞ்சு என்றால் சாதாரண மூடுபனி இல்லை, வாசலில் நிற்கும் ஜீப்பு தெரியாது. வயலினுக்கு ஈரம் ஆகாது என்பதால் காயை அடுப்பு மூட்டி உலர்த்தும் ஸ்டோருக்கு அடுத்த அறையைத் தம்பி மனைவி ஒழித்துக் கொடுத்தாள். சுவர் வெதுவெதுப்பாக இருக்கும். முதல் நாள் மத்தியானம் சுருதிப் பெட்டியைப் போட்டு உட்கார்ந்தேன். சுபபந்துவராளி ராகம். விரல் கேட்டபடி ஓடியது. ஸட்ஜத்தில் போய் நின்றபோது கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. அவ்வளவு சந்தோஷம்.

மறுநாள் காலை பல் தேய்த்துக்கொண்டிருந்தபோது கீழ்ச்சரிவிலிருந்து வயலின் கேட்டது.

மஞ்சுக்குள் எங்கேயோ யாரோ வாசிக்கிறார்கள். காற்று திரும்பும்போது கேட்கும், பிறகு அறுந்துபோகும். அதுவும் சுபபந்துவராளி. இந்தக் காட்டில் எனக்குப் போட்டியாக யாரடா என்று வாயில் நுரையோடு நின்று கேட்டேன். மேலே ஏறி ஏறி வந்து ஸட்ஜத்தைப் பிடித்தது. பிடிக்கவில்லை. ஒரு மயிரிழை கீழே நின்றுவிட்டது. நின்றது மட்டுமில்லாமல், சரியாகத்தான் நிற்கிறேன் என்ற தைரியத்தில் நீளமாக இழுத்தது.

"இந்தக் காதை வச்சுக்கிட்டு எதுக்கு வாசிக்கணும்?" என்று வாய்விட்டே சொன்னேன். அடுத்தவர் அபஸ்வரத்தில் எனக்கு எப்போதும் ஒரு குஷி உண்டு. அன்று மத்தியானம் இன்னும் உற்சாகமாக வாசித்தேன். ஸ்டோரின் புகை தொண்டையில் ஏறி நடுவில் இருமல் வந்தது, அதற்காக ஒரு தடவை நிறுத்தினேன்.

மூன்றாம் நாள் காலையும் கேட்டது. யாரென்று பார்த்துவிடுவோம் என்று தம்பியின் ரப்பர் பூட்ஸை மாட்டிக்கொண்டு இறங்கினேன்.

என்னைவிட உயரமான ஏலச்செடிகள். பத்தடிக்கு மேல் எல்லாம் வெள்ளை. வயலின் ஒரு சமயம் இடது பக்கம் கேட்டது, நான் திரும்பினால் எனக்குப் பின்னால் கேட்டது. செடியின் அடியில் குனிந்து ஒரு பெண் ஏலப்பழம் எடுத்துக்கொண்டிருந்தாள். போடியிலிருந்து தினமும் ஜீப்பில் ஏறி வருகிறவள்.

"அங்கிட்டு போகாதீங்கம்மா, அட்டை ஏறும்" என்றாள்.

"யாரு வாசிக்கிறது?"

அவள் தலையைக்கூட நிமிர்த்தவில்லை. "நீங்கதேன்" என்றாள்.

கிண்டல் இல்லை. இலை ஈரமாக இருக்கிறது என்று சொல்வதுபோலச் சொன்னாள். திரும்பிப் போயிருக்கலாம். கால் கீழேதான் இறங்கியது.

நெருங்க நெருங்க ராகத்தின் ஒவ்வொரு பிடியும் தெரிந்தது. நேற்று மத்தியானம்தான், அந்த வெதுவெதுப்பான அறையில், முதல் தடவையாக என் கையில் வந்த பிடிகள். எனக்கு முன்னால் யாரும் அவற்றைக் கேட்டதில்லை. அவை மஞ்சுக்குள்ளிருந்து வரிசை மாறாமல் வந்தன. எனக்குத் தெரியாமல் இன்னொருத்தி நானாக வாழ்ந்துகொண்டிருக்கிறாள் என்றே நினைத்தேன், சத்தியமாக. வயலின் நின்றது. செடிகளுக்கு நடுவிலிருந்து ஒரு இருமல் கேட்டது.

என் இருமல்.

மறுபடி வயலின் தொடங்கியபோதுதான் பார்த்தேன். மரக்கிளையில் கவிழ்த்துக் கட்டிய பிளாஸ்டிக் வாளி, அதற்குள் புளூடூத் ஸ்பீக்கர். பக்கத்தில் தோட்டத்து சூப்பர்வைசர் கோணிச்சாக்கைத் தலையில் போட்டுக்கொண்டு நின்றார்.

"கொரங்குக்கு சேச்சி" என்றார் பயந்துபோய். "குருத்தப் பூராவும் ஒடிச்சுப் போட்டுருது. சினிமாப் பாட்டு வச்சோம், அதுக்குப் பழகிப்போயி பக்கத்துலயே உக்காந்து கேக்குதுக. நீங்க வாசிக்கறப்ப ஜன்னலுக்கு வெளிய நின்னு போன்ல புடிச்சேன். தப்புன்னா நிறுத்திர்றேன். ஆனா ரெண்டு நாளா ஒண்ணும் அண்டல."

சிரித்துவிட்டேன். வேறென்ன செய்ய? சிரித்துக்கொண்டிருந்தபோதே ராகம் மேலே ஏறியது. நிறுத்தப் போன அவர் கையைப் பிடித்துத் தடுத்தேன்.

ஸட்ஜம் வந்தது. மயிரிழை கீழே. தைரியமாக, நீளமாக.

நேற்று அதே இடத்தில் என் காதுக்கு அது அப்பழுக்கில்லாமல் இருந்தது. மனதில் எந்த ஸ்வரத்தை நினைத்தேனோ அதையே கேட்டிருக்கிறேன். கையில் இருந்ததைக் கேட்கவே இல்லை. ஈரச் செடிகளுக்கு நடுவில் எனக்கு வந்த பயத்தை இப்போதும் சொல்லத் தெரியவில்லை. விரல் போனால் தெரிந்துவிடும். காது போனால் யார் சொல்வார்கள்?

ரோட்டு வளைவில் மட்டும்தான் போனில் சிக்னல் எடுக்கும். அங்கே ஏறிப்போய், இருபத்தைந்து வருடமாக எனக்கு மிருதங்கம் வாசிப்பவரை அழைத்தேன். சுற்றி வளைக்கவில்லை.

"என் மேல் ஸட்ஜம் சுருதி சேரலைன்னு உங்களுக்கு எப்பத்திலேருந்து தெரியும்?"

பின்னால் ஓடிக்கொண்டிருந்த டிவியை அவர் நிறுத்துவது கேட்டது.

"மூணு வருஷம் இருக்கும்க்கா" என்றார்.

"ஏன் சொல்லலை?"

"நீங்க கண்ண மூடிட்டு உக்காந்திருப்பீங்க. முகத்துல அவ்வளவு சந்தோஷம் இருக்கும். சபையும் கைதட்டும். நான் எப்படிக்கா சொல்றது?"

மரப்பு வந்ததே போன வருடம்தான். எனக்கு விருதுகள் குவிந்ததும், சால்வை வைக்க அலமாரி வாங்கியதும் அந்த மூன்று வருடத்தில்தான். ஒவ்வொரு மேடையிலும் பக்கத்தில் உட்கார்ந்திருந்தவர்கள், முன்வரிசையில் தலையாட்டியவர்கள், மாலை போட்டவர்கள் என்று ஒவ்வொரு முகமாக ஞாபகம் வந்தது. எவருக்கெல்லாம் தெரிந்திருக்கும் என்று எண்ணத் தொடங்கி, பாதியில் விட்டுவிட்டேன். மஞ்சு ரோட்டையும் மூடிக்கொண்டு வந்தது.

அங்கேயே நின்று சபைச் செயலாளரை அழைத்தேன். பல வருடமாக எனக்காகச் சண்டை போட்டு நல்ல நாளை ஒதுக்கித் தரும் மனிதர். டிசம்பரில் நான் வரவில்லை, இனி எந்த டிசம்பரிலும் வருவதாக இல்லை என்றேன். என்ன ஆயிற்று என்று பதறுவார், கெஞ்சுவார், அதற்கு என்ன பதில் சொல்லலாம் என்று யோசித்து வைத்திருந்தேன்.

"சரிம்மா. உடம்பப் பாத்துக்கங்க" என்றார்.

ஏன் என்று அவர் கேட்கவே இல்லை.