காதுக்குக் கீழே ஒரு மரு

புதுக் கையுறை கைக்கு வந்ததும் கிளாஃபீரா முதலில் அதைக் கெடுப்பாள். வலது கையில் மூன்று விரல் முனைகளைக் கத்தரித்தால்தான் தூரிகை பிடிபடும். வெட்டிய முனைகளையும் எறிவதில்லை. குட்டித் தொப்பி மாதிரி தூரிகைகளின் தலையில் மாட்டிவைப்பாள். மாஸ்கோவின் கார்ட்டூன் ஸ்டூடியோவில், கண்ணாடி போன்ற தாள்களின் பின்பக்கம் விரல் ரேகை படாமல் வண்ணம் பூசுவது அவள் வேலை.

அந்தக் குளிர்காலத்துப் படம், ரப்பர் முத்திரையோடு நாற்காலியை விட்டு எழாத ஓர் அதிகாரியைப் பற்றியது. தாள் ஒன்றில், அதிகாரியின் இடது காதுக்குக் கீழே பழுப்பு மை சொட்டிவிட்டது. துடைத்தால் கீறல் விழும். ஒரே தாளில் இருந்தால் திரையில் துள்ளும். அதனால் அவன் காது தெரிகிற எல்லாத் தாள்களிலும் அதே இடத்தில் ஒரு மரு வைத்துவிட்டாள். இயக்குநர் ஓசிப் மார்க்கவிச் பார்த்துச் சிரித்தார். "இது இல்லாம இவன் எப்படி இருந்தான்!"

படத்தை வெளியிடலாமா என்று முடிவுசெய்யும் அரசு அனுமதிக் குழு பார்க்க வந்தது. குழுத் தலைவர் ரோமத் தொப்பியைக் கழற்றியபோதுதான் கிளாஃபீரா பார்த்தாள். இடது காது. பழுப்பு மரு. படம் போனால் இயக்குநரின் வேலையும் போகும், தன்னுடையதும்.

இயக்குநரை நடைவழியில் மடக்கினாள். "ஓசிப் மார்க்கவிச், அவர் காதைப் பாத்தீங்களா?"

பார்த்தார். முகம் வெளுத்தது. "அடிப்பாவி, அவரை முன்னாடியே தெரியுமா உனக்கு?"

"சத்தியமாத் தெரியாது. மை சொட்டிச்சு, அவ்வளவுதான்."

"அதை உள்ள போய்ச் சொல்லு. நம்பி மெடல் குத்துவாங்க." கழுத்தைத் துடைத்துக்கொண்டார். "சரி, நாய் இருக்கு. நாயை நம்பு."

நாய் என்பது ஸ்டூடியோ வழக்கம். குழுவினர் எதையாவது வெட்டாமல் எழ மாட்டார்கள். வெட்டுவதற்கென்றே சம்பந்தமில்லாத ஒன்றைப் படத்தில் விட்டுவைப்பார்கள். இந்த முறை நிஜமாகவே ஒரு பச்சை நாய்.

இருட்டில் அவள் திரையைப் பார்க்கவில்லை. தலைவரின் பிடரியையே பார்த்தாள். அதிகாரி பக்கவாட்டில் திரும்பும் இடம் வந்தது. திரை முழுக்கக் காது. யாரோ சிரிக்கத் தொடங்கி அதை இருமலாக்கிக்கொண்டார். தலைவரின் கை மெல்ல எழுந்து தன் இடது காதை மூடியது. விளக்கு எரியும்வரை இறங்கவில்லை.

"இந்தப் பச்சை நாய் எதுக்கு?" என்றார் தலைவர்.

"ஐயோ, அது படத்தோட உயிராச்சே!" ஓசிப் மார்க்கவிச் அழாத குறையாக வாதாடினார்.

"உயிரைத் தூக்குங்க."

"வேற ஏதாவது..." என்று இழுத்தார் ஓசிப் மார்க்கவிச்.

தலைவர் தொப்பியைக் காதுவரை இழுத்துவிட்டுக்கொண்டார். "வேற என்ன இருக்கு? ஒண்ணுமில்ல."

படம் வெளியே வந்தது. ஆனாலும் பனி உருகும்வரை, கூடத்தில் தொலைபேசி அடித்தால் கிளாஃபீரா தூரிகையைக் கீழே வைத்துவிடுவாள். யாரும் கூப்பிடவில்லை. கோடையில்தான், தலைவரின் கார் டிரைவர் கேண்டீனில் முட்டைக்கோஸ் சூப் குடித்தபடி சொன்னான்: படம் பார்த்த மறுநாளே அவர் ஆஸ்பத்திரிக்குப் போய் அந்த மருவை எடுத்துவிட்டாராம்.